பேராசிரியர் சேனக பிபிலேயும் நமது மருந்துத் துண்டும்

நூற்றாண்டு மலர் என்றால் அதிபர்களையும் ஆசிரியைகளையும் பற்றி எழுதுவதே வழக்கம். அவர்களைப் பற்றி இம்மலரில் பலர் எழுதுகிறார்கள். நாம் எழுத எடுத்துக்கொண்டவர் நமது பாடசாலையில் படிப்பித்தவரும் அல்லர், பரிசளிப்பு விழாவுக்குத் தலைமை தாங்கியவரும் அல்லர். ஆயினும் இங்கிருந்து வெளியேறி வைத்தியர்களாகவும் தாதியராகவும் மருந்தாளர்களாகவும் மருத்துவிச்சிகளாகவும் பணிபுரியும் பழைய மாணவிகளாகிய நாம், ஒவ்வொரு நாளும் எழுதும் மருந்துத் துண்டில் அவருடைய கை இருக்கிறது. உடப்புசல்லாவை, இராகலை, ஹைபொரஸ்ட் பக்கத்துத் தோட்டங்களிலிருந்து கிளினிக்குக்கு வரும் நமது அம்மாமாரின் கையிலுள்ள மருந்துப் பையிலும் அது இருக்கிறது. அவர்தான் பேராசிரியர் சேனக பிபிலே.

நமது பாடசாலை தொடங்கிய காலத்தில் அவர் சிறு பிள்ளை. 1920இல், ஊவாவைச் சேர்ந்த பிபிலே குடும்பத்தில் பிறந்தார். கண்டி திரித்துவக் கல்லூரியில் படித்து, கொழும்பு மருத்துவக் கல்லூரியில் 1945இல் முதல் வகுப்பில் சித்தியடைந்தார். எடின்பரோவில் மருந்தியலில் ஆய்வு செய்து 1952இல் கலாநிதிப் பட்டம் பெற்றுத் திரும்பினார். 1958இல் இலங்கைப் பல்கலைக்கழகத்தின் மருந்தியல் பேராசிரியரானார். 1960களின் பிற்பகுதியில் பேராதனை மருத்துவ பீடத்தின் பீடாதிபதியாக இருந்தார். மலையகத்துப் பிள்ளைகளான நம்மிற் சிலர் பின்னாளில் வெள்ளை அங்கி அணிந்து நடந்தது அந்தப் பீடத்தின் விறாந்தைகளில்தான்.

இவ்வளவோடு நின்றிருந்தால் அவரும் நல்லதொரு பேராசிரியர் என்ற அளவில் போயிருப்பார். மருந்து என்பது வகுப்பறையில் முடிந்துபோகும் விடயமல்ல, அது வாங்கவும் விற்கவும்படும் பொருள், அந்தக் கொள்வனவில்தான் ஏழையின் உயிர் தங்கியிருக்கிறது என்று அவர் கண்டார். அதை நாட்டின் முன் எடுத்துச் சொல்லி வாதாடவும் துணிந்தார். அந்த வாதத்தின் வரலாறே இக்கட்டுரை.

ஒரு மருந்துக்கு இரண்டு பெயர்கள்

விடயம் விளங்குவதற்கு முதலில் ஒரு சிறு பாடம். தலையிடி என்றால் நம்மூரில் "ஒரு பனடோல் போடு" என்போம். பனடோல் என்பது ஒரு கம்பனி வைத்த பெயர். மருந்தின் சொந்தப் பெயர் பரசிட்டமோல். அதே பரசிட்டமோலை வேறு பல கம்பனிகள் வேறு வேறு பெயர்களில் விற்கின்றன. கம்பனி வைத்த பெயரை வியாபாரப் பெயர் என்றும், மருந்தின் சொந்தப் பெயரைப் பொதுப்பெயர் என்றும் சொல்வோம். உள்ளே இருப்பது ஒன்றுதான். விலை மட்டும் ஒன்றல்ல.

1950களில் இலங்கையின் வைத்தியர்கள் பெரும்பாலும் வியாபாரப் பெயர்களிலேயே மருந்தெழுதினார்கள். அவர்களுக்குப் புதிய மருந்துகளைப் பற்றிச் சொல்லிக்கொடுத்தவர்கள் பெரும்பாலும் கம்பனிகளின் விற்பனைப் பிரதிநிதிகள். ஒரே மருந்து பத்துப் பெயர்களில் கப்பலேறி வந்தது. சிறிய நாடொன்றின் அந்நியச் செலாவணி அதற்குச் செலவானது.

பிபிலே இதைத் திருத்த எடுத்த முதல் வழி மிகவும் அமைதியானது: ஒரு கையேடு. 1950களின் இறுதியில், அரச வைத்தியசாலைகளுக்கு உண்மையிலேயே தேவையான மருந்துகள் எவை என்று நிபுணர் குழுவொன்று அமர்ந்து ஆராய்ந்து, பொதுப்பெயர்களில் ஒரு பட்டியலை வகுத்தது. இலங்கை வைத்தியசாலைகளுக்கான அந்த மருந்துக் கையேட்டின் பின்னே நின்றவர் அவர். ஒரே வேலையைச் செய்யும் ஐந்து மருந்துகளில் எது போதும், எது வீண் என்று கேட்பதே அவரது முறை. அரச வைத்தியசாலைகளில் இந்த ஒழுங்கு வேரூன்றியது. வெளியிலிருந்த தனியார் சந்தையை அது தொடவில்லை.

1971ஆம் ஆண்டு அறிக்கை

1970இல் சிறிமாவோ பண்டாரநாயக்க தலைமையில் ஐக்கிய முன்னணி அரசாங்கம் வந்தது. மருந்து இறக்குமதியைப் பற்றி ஆராயும் பொறுப்பு இரண்டு வைத்தியர்களிடம் கொடுக்கப்பட்டது. ஒருவர் பிபிலே. மற்றவர் டொக்டர் எஸ். ஏ. விக்கிரமசிங்க. 1931இலேயே அரசாங்க சபைக்குத் தெரிவானவர், கம்யூனிஸ்ட் கட்சியின் தலைவர். 1934–35இல் சுமார் 80,000 உயிர்களைக் கொண்டுபோன மலேரியாக் கொள்ளைநோயின்போது கிராமங்களில் நிவாரண வேலை செய்த இடதுசாரி இளைஞர்களின் தலைமுறையைச் சேர்ந்தவர். வைத்தியமும் அரசியலும் வேறு வேறு என்று நினைக்காத இருவர் சேர்ந்து 1971 மார்ச்சில் தமது அறிக்கையைக் கையளித்தார்கள்.

அதன் சாரத்தை நமது வீட்டுக் கணக்கைப் போலவே சொல்லிவிடலாம். தேவையானதை மட்டும் வாங்கு. எல்லோருக்கும் சேர்த்து ஒரே இடத்தில் வாங்கு. உலகம் முழுவதும் விலை கேட்டு வாங்கு. வாங்கியதைச் சோதித்துப் பார். அதன் சொந்தப் பெயரிலேயே கொடு. பக்கம் சாராத தகவலை வைத்தியருக்குச் சொல். காலப்போக்கில் இங்கேயே செய்யப் பழகு.

அதே ஆண்டில் அரச மருந்தாக்கல் கூட்டுத்தாபனம் நிறுவப்பட்டது. பிபிலே அதன் முதலாவது தலைவரானார். தனியார் சந்தையில் அப்போது இறக்குமதியான சுமார் 2,100 மருந்துகள், நிபுணர் குழுவின் பரிசீலனைக்குப் பின் சுமார் 600 ஆகக் குறைக்கப்பட்டன. இறக்குமதி படிப்படியாகக் கூட்டுத்தாபனத்தின் கைக்கு வந்தது. உலகளாவிய கேள்விப்பத்திரம் கோரியபோது உண்மை வெளியே வந்தது. ஒரே மூலப்பொருளுக்கு ஒரு கம்பனி கேட்ட விலைக்கும் இன்னொன்று கேட்ட விலைக்கும் இடையே பல மடங்கு வித்தியாசம் இருந்தது. கூட்டுத்தாபனத்தின் சில்லறைக் கடையான ஒசுசலவை நாம் எல்லோரும் அறிவோம். அந்தப் பெயர்ப்பலகையின் பின்னால் இருப்பது இந்தக் கதைதான்.

மேடையில் நடந்த வாதம்

எதிர்ப்பு வராமல் இருக்குமா? அமெரிக்க மருந்து உற்பத்தியாளர் சங்கம் பிரதமருக்கே கடிதம் எழுதியது. உள்நாட்டிலும் வைத்தியர்கள் பலர் எதிர்த்தார்கள். அவர்களுடைய வாதங்களை இன்று ஏளனமாகத் தள்ளிவிடுவது நியாயமாகாது. மலிவாக வாங்கிய மருந்தின் தரத்துக்கு யார் பொறுப்பு என்று கேட்டார்கள். தன் நோயாளிக்கு எதை எழுதுவது என்று தீர்மானிக்கும் உரிமை வைத்தியருடையது, அதில் அரசாங்கம் கைவைக்கலாமா என்று கேட்டார்கள். ஓரிடத்தில் வாங்கும்போது அந்த ஓரிடம் தவறினால் நாடு முழுவதும் தட்டுப்பாடு வராதா என்றும் கேட்டார்கள்.

முதலாவது கேள்விக்கு வைத்தியராக நாமும் பதில் சொல்லத்தான் வேண்டும். இரண்டு மாத்திரைகளில் ஒரே மருந்து ஒரே அளவில் இருந்தாலும், ஒன்று வயிற்றில் நன்றாகக் கரைந்து இரத்தத்தில் சேரலாம், மற்றது அரைகுறையாகக் கரைந்து வீணாகலாம். ஆகவே பொதுப்பெயர் மட்டும் போதாது, ஆய்வுகூடமும் வேண்டும். பிபிலே இதை மறுக்கவில்லை. தரப் பரிசோதனை அவருடைய திட்டத்தின் ஒரு தூணாகவே இருந்தது. அவர் மறுத்தது இன்னொன்றை: விலை கூடியதால் அது தரம் கூடியது என்ற நம்பிக்கையை. பெயருக்காகக் கொடுக்கும் காசு தரத்துக்காகக் கொடுக்கும் காசு ஆகாது என்பதே அவருடைய வாதம்.

அந்த வாதத்துக்குப் பெரிய சோதனை வாந்திபேதியோடு வந்தது. 1970களின் நடுப்பகுதியில் நாட்டில் கொலரா பரவியது. கொலராவில் உயிரைக் காப்பாற்றுவது முதலில் இழந்த நீரையும் உப்பையும் திருப்பிக் கொடுப்பதுதான். டெட்ராசைக்ளின் நோயின் காலத்தைக் குறைக்கும், பரவலையும் குறைக்கும். கூட்டுத்தாபனம் ஹெக்ஸ்ட் கம்பனியிடமிருந்து மலிவாக வாங்கிய டெட்ராசைக்ளின் மூலப்பொருளைக் கொண்டு, இங்கே தொழிற்சாலை வைத்திருந்த ஃபைசர் கம்பனியைக் குளிசை செய்து தரும்படி கேட்டது. அது நடைபெறவில்லை என்றும், தயாரித்த குளிசைகளை அதிக செலவில் விமானத்தில் அவசரமாக இறக்க வேண்டி வந்தது என்றும் பிபிலேயும் பொருளியல் அறிஞர் சஞ்சய லாலும் 1977இல் வெளியிட்ட ஆய்வுக் கட்டுரை பதிவு செய்திருக்கிறது. தொழிற்சாலையை அரசுடைமையாக்கும் பேச்சு எழுந்தபோது அமெரிக்கத் தூதுவர் பிரதமரிடம் பேசினார். அந்தப் பேச்சு அத்தோடு அடங்கிற்று.

அப்போது நமது தோட்டங்கள்

இந்த வாதம் கொழும்பில் நடந்துகொண்டிருந்தபோது நமது பாட்டிமார் எங்கே இருந்தார்கள் என்ற கேள்வியை நாம் கேட்காவிட்டால் வேறு யார் கேட்பார்கள்?

தோட்டத்து வைத்தியம் நாட்டின் பொதுச் சுகாதார சேவையோடு சேராமல் தனியாக வளர்ந்த ஒன்று. 1872ஆம் ஆண்டின் மருத்துவத் தேவைகள் கட்டளைச் சட்டத்திலிருந்து தோட்டத் தொழிலாளரின் சுகாதாரம் பெரும்பாலும் தோட்ட நிர்வாகத்தின் பொறுப்பாகவே இருந்து வந்தது. டிஸ்பென்சரியில் என்ன மருந்து இருக்கும் என்பது துரையின் செலவுக் கணக்கில் தங்கியிருந்தது. 1948ஆம் ஆண்டுப் பிரசாவுரிமைச் சட்டத்தின் பின் நமது மக்களில் பெரும்பாலோர் நாடற்றவராயினர். வாக்கும் போயிற்று. ஆகவே 1971இல் நாடு முழுவதற்கும் மருந்துக் கொள்கை வகுக்கப்பட்டபோது, அதைப் பற்றி ஆதரித்தோ எதிர்த்தோ ஒரு பாராளுமன்ற உறுப்பினரிடம் கேட்கும் பலம் லயத்தில் இருந்த தாய்க்கு இருக்கவில்லை.

1973–74இல் உணவுத் தட்டுப்பாடு வந்தது. மாவும் அரிசியும் குறைந்தன. தோட்டங்களில் இறப்பு வீதம் உயர்ந்தது. அந்தப் பஞ்சத்தைப் பற்றி நம் வீடுகளில் இன்றும் பேசுவார்கள். பட்டினியால் மெலிந்த உடலுக்கு வயிற்றோட்டமும் சளிச்சுரமும் போதும். 1975இல் கம்பனித் தோட்டங்கள் அரசுடைமையாயின. அதே ஆண்டுகளில்தான் சிறிமா–சாஸ்திரி ஒப்பந்தத்தின்படி ஆயிரக்கணக்கான குடும்பங்கள் தலைமன்னாரில் கப்பலேறின. இம்மலரைக் கூடலூரிலும் கோத்தகிரியிலும் இருந்து வாசிக்கும் அக்காமாருக்கு அந்தப் பயணத்தை நாம் விளக்கத் தேவையில்லை.

பிபிலேயின் கொள்கை தோட்டத்து டிஸ்பென்சரியைத் தேடி வந்த கொள்கையல்ல. இதைச் சொல்லாமல் அவரைப் புகழ்வது அரைவாசி வரலாறு. தோட்டச் சுகாதாரத்தைத் தேசிய சேவையோடு இணைக்கும் வேலை 1990களில் சில தோட்ட வைத்தியசாலைகளை அரசு பொறுப்பேற்றதோடுதான் ஓரளவு நகர்ந்தது. அது இன்னும் முடியவில்லை. ஆனால் அவர் கட்டிய வழியில்தான் இன்று நமது மக்கள் பிரதேச வைத்தியசாலையில் காசு கொடுக்காமல் பிரஷருக்கும் சீனி வருத்தத்துக்கும் மாதாமாதம் மருந்து வாங்குகிறார்கள். கதவு தாமதமாகத் திறந்தது. திறந்தபோது உள்ளே மருந்து இருந்தது.

1977

1976 ஓகஸ்டில் கொழும்பில் அணிசேரா நாடுகளின் உச்சிமாநாடு நடந்தது. வளர்முக நாடுகள் மருந்து விடயத்தில் ஒத்துழைக்க வேண்டும் என்ற தீர்மானம் அங்கே நிறைவேறியது. பிபிலேயின் அனுபவத்தை மற்ற நாடுகளும் கேட்டன. ஐக்கிய நாடுகள் வர்த்தக, அபிவிருத்தி மாநாட்டுக்காக இலங்கையின் மருந்துக் கொள்கையைப் பற்றி அவர் எழுதினார். அந்த அமைப்பின் பணியிலேயே வெளிநாடுகளுக்கும் சென்றார்.

1977 ஜூலையில் ஆட்சி மாறியது. திறந்த பொருளாதாரம் வந்தது. தனியார் சந்தைக்கான இறக்குமதியில் கூட்டுத்தாபனத்துக்கு இருந்த தனியுரிமை எடுக்கப்பட்டது. அவ்வாண்டு செப்டெம்பர் 29ஆம் திகதி, தென்னமெரிக்காவிலுள்ள கயானாவில் பணியிலிருந்தபோது பிபிலே காலமானார். அவருக்கு வயது 57. மறுமாதம், ஒக்டோபரில், உலக சுகாதார நிறுவனத்தின் நிபுணர் குழு அத்தியாவசிய மருந்துகளின் முதலாவது பட்டியலை வகுத்தது. சுமார் 200 மருந்துகள், எல்லாம் பொதுப்பெயர்களில். 1982இல் பங்களாதேஷ் தனது தேசிய மருந்துக் கொள்கையை அறிவித்தபோது, அதற்காக உழைத்த டொக்டர் ஸஃப்ருல்லா சௌத்ரி போன்றவர்களுக்கு முன்னே இலங்கையின் அனுபவம் இருந்தது.

இலங்கையிலும் அந்தக் கேள்வி சாகவில்லை. 1987இல் அரசு மருந்து உற்பத்திக்கென ஒரு கூட்டுத்தாபனத்தை நிறுவியது. பல ஆண்டுகள் வைத்தியர்களும் மக்கள் அமைப்புகளும் பிபிலே கொள்கையைச் சட்டமாக்கும்படி கேட்டார்கள். 2015ஆம் ஆண்டின் 5ஆம் இலக்கச் சட்டத்தின்கீழ் தேசிய ஒளடதங்கள் ஒழுங்குபடுத்தல் அதிகாரசபை உருவானது. 2016இல் 48 அத்தியாவசிய மருந்துகளுக்கு உச்ச விலை விதிக்கப்பட்டது.

பின்பு 2022 வந்தது. ரூபாய் வீழ்ந்தது. மருந்து விலை ஒரே ஆண்டில் ஒன்றுக்கு மேற்பட்ட தடவை ஏறியது. வார்டில் இருந்த நாம், இருக்கும் மருந்தை யாருக்கு முதலில் கொடுப்பது என்று யோசிக்க வேண்டி வந்தது. தமிழ்நாட்டு அரசு அரிசியோடும் பால்மாவோடும் மருந்தும் அனுப்பியது. வெளிநாட்டிலிருந்த நமது பழைய மாணவிகளும் தம்மால் இயன்றதைப் பொதி செய்தார்கள். அந்த நாட்களில் "அவசியமானது எது, அவசியமற்றது எது" என்ற கேள்வி திடீரென்று எல்லோர் வாயிலும் வந்தது. பிபிலே அதை அமைதியான காலத்திலேயே கேட்கச் சொன்னவர். அவசரக் கொள்வனவின் நிழலில் தரமற்ற இம்யூனோகுளோபுலின் வைத்தியசாலைகளுக்குள் வந்ததாக எழுந்த வழக்கில் முன்னாள் சுகாதார அமைச்சர் ஒருவர் 2024 பெப்ரவரியில் கைதானார். ஆக, தரத்தைப் பற்றி அன்று கேட்டவர்களின் கேள்வியும் இன்றுவரை உயிரோடு இருக்கிறது. பட்டியலும் வேண்டும், ஆய்வுகூடமும் வேண்டும், வாங்குபவரின் கை சுத்தமாகவும் இருக்க வேண்டும்.

நாம் செய்யக்கூடியது

தோட்டத்தில் படித்த பிள்ளைகளுக்கு ஒரு வேலை இருந்தது. மருந்துப் போத்தலில் என்ன எழுதியிருக்கிறது என்று வாசித்துச் சொல்வது. இங்கிலிஷ் எழுத்து தெரிந்த சிறுமி லயத்துக்கு ஒருத்தி இருந்தால் போதும், அவள்தான் அந்தக் காம்பராக்களின் மருந்தாளர். நம்மில் பலர் அந்த வேலையைச் செய்தவர்கள்.

அந்த வேலைக்கு இன்றும் ஆள் வேண்டும். கிளினிக்கில் நாம் காண்பது இதுதான். அரச வைத்தியசாலையில் கிளிக்கிளசைட் என்ற சீனி மாத்திரை கொடுக்கிறார்கள். அது தீர்ந்த வாரம் வெளியில் வேறொரு வைத்தியரைக் காண்கிறார்கள். அவர் வியாபாரப் பெயரில் அதே மாத்திரையை எழுதுகிறார். அடுத்த மாதம் வீட்டில் இரண்டும் இருக்கின்றன. பெயர் வேறு, நிறம் வேறு, ஆகவே மருந்தும் வேறு என்று நினைத்து இரண்டையும் போடுகிறார்கள். வெறும் வயிற்றோடு காலையில் மலையேறிக் கொழுந்தெடுக்கும்போது சீனி குறைந்து மயங்கி விழுகிறார்கள். இதில் அந்தத் தாயின் பிழை எதுவும் இல்லை. ஒரு மருந்துக்கு இரண்டு பெயர் வைத்து, அதை அவருக்குத் தெரியாத மொழியில் எழுதிக் கொடுத்தவர்கள் நாம்.

ஆகவே அன்பான அக்காமாரே, தங்கைமாரே, எங்கிருந்தாலும் மூன்று விடயங்களைச் செய்வோம். வைத்தியர்களாக இருப்பவர்கள் துண்டில் மருந்தின் பொதுப்பெயரைப் பெரிய எழுத்தில் எழுதுவோம். மருந்தகத்தில் இருப்பவர்கள் பைக்குள் போடும்போது தமிழில் எழுதி, எதற்கு, எத்தனை வேளை என்று வாயாலும் சொல்வோம். மற்றவர்கள், அடுத்த முறை ஊருக்கு வரும்போது அம்மாவின் மருந்துப் பையை மேசையில் கொட்டி, ஒரே பெயர் இரண்டு தடவை இருக்கிறதா என்று பார்ப்போம். கடையில் "இதே மருந்து குறைந்த விலையில் இருக்கிறதா?" என்று கேட்க வெட்கப்பட வேண்டாம்.

நூற்றாண்டு விழாவையொட்டி சங்கம் நடத்தும் சுகாதார முகாமிலும் இதற்கொரு மேசை போடலாம் என்பது நமது யோசனை. வீட்டிலுள்ள மருந்துகளை எல்லாம் பையோடு கொண்டுவரச் சொல்வோம். உயர்தர விஞ்ஞானப் பிரிவு மாணவிகள் பெயரை வாசிக்கட்டும், நாம் பக்கத்தில் இருந்து விளக்குவோம். காலாவதியானதைத் தனியே எடுத்து வைப்போம். செலவு ஒன்றுமில்லை. சம்மதமுள்ளவர்கள் செயலாளரிடம் பெயர் கொடுத்தால் தோட்டம் தோட்டமாக ஒழுங்கு செய்யலாம்.